ராஜாபாய் கோபுரம் காட்டிய நேரம்

சர்ச்கேட் ஸ்டேஷனில் இறங்கி, ஓவல் மைதானத்தின் குறுக்கே போகும் நடைபாதை வழியாக ஆபீசுக்கு நடந்தவர்கள் நம்மவர்களில் எத்தனையோ பேர். எதிரே ஐகோர்ட்டும் பழைய செக்ரடேரியட்டும். நடுவில் பல்கலைக்கழகம். அதன் தலைக்கு மேல் ராஜாபாய் கோபுரம். அண்ணாந்து மணி பார்க்காமல் அந்த மைதானத்தைத் தாண்டிய குமாஸ்தா ஒருவர் உண்டா? இருந்தால் அவர் சொந்தமாக வாட்ச் வைத்திருந்தவராகத்தான் இருக்க வேண்டும்.

நான் பம்பாய் வந்து சேர்ந்தது 1974-ல். அப்போது ஊருக்கு மும்பை என்ற பெயர் வந்திருக்கவில்லை. தாராவியில் ஒரு சாலில், ஒரே அறையில் ஆறு பேர். காலையில் தண்ணீர்க் குழாய்க்கு வரிசை, கக்கூசுக்கு வரிசை, பிறகு மாஹிம் ஸ்டேஷனில் லோக்கலுக்குத் தள்ளுமுள்ளு. கையில் வாட்ச் கிடையாது. ஓர் எச்.எம்.டி. வாங்க வேண்டுமென்றால் பல மாதம் வாயைக் கட்டி வயிற்றைக் கட்ட வேண்டும். ஆகவே பல்கலைக்கழகத்தின் கோபுரம்தான் எனக்கு வாட்ச்.

ஃபோர்ட் பகுதியில் நான் வேலை பார்த்த கம்பெனியில் ஒன்பதரைக்கு மஸ்டரில் கையெழுத்து. மூன்று நாள் லேட் ஆனால் அரை நாள் லீவு போச்சு. அங்கே சுவரில் மாட்டியிருந்த கடிகாரமோ எப்போதும் ஐந்து நிமிஷம் முன்னால் ஓடும். ஒரு நாள் கோபுரத்தில் அரை மணி அடிக்கிற ஓசை காதில் விழும்போதே மாடிப்படியில் கால் வைத்துவிட்டேன். மேலே போனால் என் பெயருக்கு நேரே சிவப்பு மையில் கோடு! தலைமைக் குமாஸ்தா தஞ்சாவூர்ப் பக்கத்துக்காரர். “சார், இப்பத்தான் ராஜாபாய் கோபுரத்துல மணி அடிச்சது” என்றேன். அவர் பேனாவைக் கீழே வைக்காமலே, “ஏம்ப்பா, உனக்குச் சம்பளம் அந்தக் கோபுரமா குடுக்கறது?” என்று கேட்டார்.

பதில் சொல்லத் தெரியாமல் போய் உட்கார்ந்தேன். பல வருஷங்கள் கழித்து இந்தக் கட்டடத்தின் கதையைத் தேடிப் படித்தபோது ஒரு விஷயம் தெரிந்தது. தலைமைக் குமாஸ்தா என்னிடம் கேட்ட கேள்வியையே ஒரு காலத்தில் சர்க்கார் இந்தக் கோபுரத்திடம் கேட்டிருக்கிறது. அதைச் சொல்வதற்கு முன்னால், கோபுரம் வந்த கதையைச் சொல்லிவிடுகிறேன்.

பஞ்சு கொடுத்த பணம்

1857-ல் கல்கத்தா, பம்பாய், சென்னை ஆகிய மூன்று நகரங்களிலும் பல்கலைக்கழகங்கள் ஏற்பட்டன. பெயர்தான் பல்கலைக்கழகமே தவிர, அவற்றில் வகுப்பும் இல்லை, வாத்தியாரும் இல்லை. கல்லூரிகள் பாடம் நடத்தும். பல்கலைக்கழகம் பரீட்சை வைக்கும், பட்டம் கொடுக்கும். பம்பாய்ப் பல்கலைக்கழகத்துக்குத் தொடக்கத்தில் சொந்தக் கூரை கூடக் கிடையாது. டவுன் ஹாலில்தான் அதன் ஆபீஸ் நடந்தது. ரானடேயும் பண்டார்க்கரும் 1862-ல் முதல் பட்டதாரிகளில் சேர்ந்து வெளிவந்தபோது இந்தக் கோபுரமும் மண்டபமும் எழும்பியிருக்கவில்லை.

அந்தச் சமயத்தில்தான் அமெரிக்காவில் உள்நாட்டுப் போர் மூண்டது. 1861 முதல் 1865 வரை அமெரிக்கப் பஞ்சு இங்கிலாந்துக்குப் போகவில்லை. லங்காஷயர் ஆலைகள் இந்தியப் பஞ்சுக்குப் பறந்தன. பம்பாயில் பணம் மழையாகக் கொட்டியது. அந்த மழையில் நனைந்தவர்களில் முதல்வர் பிரேம்சந்த் ராய்சந்த் என்ற குஜராத்தி ஜைன வியாபாரி. பஞ்சுத் தரகு, பங்கு வியாபாரம் எதிலும் அவர் வைத்ததுதான் சட்டம். 1864-ல் பல்கலைக்கழக நூலகத்துக்கென்று இரண்டு லட்சமும், பிறகு மணிக்கூண்டுக் கோபுரத்துக்கென்று இன்னும் இரண்டு லட்சமும் கொடுத்தார். கோபுரத்துக்குத் தம் தாயார் ராஜாபாயின் பெயரை வைக்க வேண்டும் என்று கேட்டுக்கொண்டார்.

பட்டமளிப்பு மண்டபத்துக்கு ஒரு லட்சம் கொடுத்தவர் பார்சி வள்ளல் ஸர் காவஸ்ஜி ஜஹாங்கீர். அவருடைய குடும்பப் பெயரே ‘ரெடிமணி’. கேட்டவுடன் ரொக்கம் எடுத்துக் கொடுக்கும் வீடு என்பதால் வந்த பெயராம். மாதக் கடைசியில் ஐந்து ரூபாய் கைமாற்றுக்கு அலைந்த எங்களுக்கு அந்தப் பெயரைக் கேட்டாலே ஏக்கமாக இருக்கும்.

1865-ல் போர் முடிந்தது. பஞ்சு விலை சரிந்தது. பங்குப் பத்திரங்கள் வெறும் காகிதமாயின. பிரேம்சந்தும் நொடித்துப் போனார். ஆனால் கொடுத்த பணம் கொடுத்ததுதான். 1869 மார்ச்சில் நூலகத்துக்கும் கோபுரத்துக்கும் வேலை தொடங்கி, 1878 நவம்பரில் முடிந்தது. செலவு ஐந்தரை லட்சம் வரை. உயரம் 280 அடி. பம்பாயில் அந்தப் பஞ்சுப் பணம் எத்தனையோ பேர் கையில் வந்து போயிருக்கிறது. இன்றும் கண்ணுக்குத் தெரிகிற மாதிரி நிற்பது இந்த மாதிரிச் சில கட்டடங்களில்தான்.

ராஜாபாய் அம்மாளைப் பற்றி ஒரு கதை வழங்கி வருகிறது. அவருக்குக் கண் பார்வை இல்லை. ஜைனர்கள் பொழுது சாய்வதற்குள் சாப்பிட்டுவிட வேண்டும். நேரம் தெரியாமல் தாயார் கஷ்டப்படக் கூடாதென்றே மகன் மணிக்கூண்டு கட்டிக் கொடுத்தார் என்பார்கள். நிஜமோ கதையோ, கட்டடக் கலைப் புத்தகங்கள் சொல்வதைவிட இது எனக்குப் பிடித்திருக்கிறது. யாராவது ஒருவர் சாப்பாட்டு நேரத்துக்காகக் காதைத் தீட்டிக்கொண்டு காத்திருப்பதற்குத்தானே மணி அடிக்கிறார்கள்?

வராமலே வரைந்தவர்

கட்டடத்துக்குப் படம் வரைந்தவர் ஸர் ஜார்ஜ் கில்பர்ட் ஸ்காட். இங்கிலாந்தில் பெயர் பெற்ற சிற்பி. அவர் பம்பாய்க்கு வந்ததே இல்லை. லண்டனில் உட்கார்ந்துகொண்டே வரைந்து அனுப்பினார். ஆகவே மண்டபம் பார்ப்பதற்குப் பிரான்ஸ் தேசத்து மாதா கோயில் மாதிரி இருக்கிறது. கூர்மையான வளைவுகள், வர்ணக் கண்ணாடி பதித்த ஜன்னல்கள், சக்கர வடிவான பெரிய ஜன்னலைச் சுற்றிப் பன்னிரண்டு ராசிகள். நம் ஜாதகக் கட்டத்தில் இருக்கும் மேஷமும் ரிஷபமும்தான், ஆனால் வெள்ளைக்காரன் கைவண்ணத்தில்.

ஆனாலும் பம்பாய் வெயிலையும் மழையையும் மறந்துவிட்டார் என்று சொல்ல முடியாது. சுற்றிலும் திறந்த தாழ்வாரங்கள். மூலைகளில் காற்றாட ஏறுகிற சுழல் படிக்கட்டுகள். கோபுரத்தின் அடியில், குதிரை வண்டி வந்து நின்றால் நனையாமல் இறங்குவதற்கான முகப்பு. கட்டடத்தின் முகம் மேற்குப் பக்கம். காரணம், அந்தக் காலத்தில் ஓவல் மைதானத்துக்கு அப்பால் ரயில் பாதை, அதற்கப்பால் கடல். இன்று மைதானத்தின் மேற்கே வரிசையாக நிற்கும் வீடுகளும், மெரீன் டிரைவும் கடலைத் தூர்த்த பிறகு வந்தவை. அப்படியானால், முதல் ஐம்பது வருஷம் இந்தக் கோபுரம் கடலைப் பார்த்துக்கொண்டிருந்தது. அடுத்த ஐம்பது வருஷம் மைதானத்தைக் கடக்கும் ஆபீஸ் கூட்டத்தைப் பார்த்தது.

கோபுரத்தைக் கூர்ந்து பார்த்தவர்கள் ஒன்றைக் கவனித்திருக்கலாம். மேலே மாடங்களில் மனித உருவங்கள் நிற்கின்றன. சாமியும் அல்ல, ராஜாவும் அல்ல. மேற்கு இந்தியாவின் பல்வேறு சாதி, சமூகத்து மக்கள், அவரவர் தலைப்பாகையும் உடையுமாக, மொத்தம் 24 உருவங்கள். வடித்துக் கொடுத்தவர் உதவி எஞ்சினீயராக இருந்த முகுந்த் ராமச்சந்திரா என்ற இந்தியர். மேல்நாட்டுப் பாணிக் கோபுரத்தின் மேல் தெருவில் போகிறவர்களை ஏற்றி வைத்திருக்கிறார் மனுஷன்! அவர்களில் எத்தனை பேருக்குக் கீழே இருந்த நூலகத்துக்குள் போய் ஒரு புத்தகத்தைப் புரட்டும் வாய்ப்பு அந்த நாளில் இருந்திருக்கும் என்பது வேறு விஷயம். மேற்கு இந்தியா என்று கணக்கு வைத்ததால் நம் ஊர்க்காரர் அந்த வரிசையில் இல்லை. திருநெல்வேலிச் சீமையிலிருந்து தோல் பதனிட வந்து தாராவியில் குடியேறியவர்கள் தலையெடுத்ததெல்லாம் அதற்குப் பிறகுதான்.

விளக்குக்குக் காசு கொடுப்பது யார்?

இனி நான் சொல்ல வந்த சண்டைக்கு வருகிறேன்.

அந்த நாளில் ஒவ்வோர் ஊருக்கும் அதன் சூரியனே கடிகாரம். பம்பாய்க்கு ஒரு நேரம், கல்கத்தாவுக்கு ஒரு நேரம், சென்னைக்கு ஒரு நேரம். ரயில் வந்ததும் தொல்லை ஆரம்பித்தது. எல்லா ரயில்களுக்கும் பொதுவாக ஒரே நேரம் தேவைப்பட்டபோது, 1870 வாக்கில் தேர்ந்தெடுத்தது எதைத் தெரியுமா? சென்னை நேரத்தை! நுங்கம்பாக்கத்தில் இருந்த வான ஆராய்ச்சி நிலையத்தின் கணக்குப்படி வந்த நேரம் அது. அந்த நிலையத்தின் பழைய கருங்கல் தூண் இன்றும் அங்கே இருக்கிறது. அதில் தமிழ் எழுத்தும் உண்டு. ஆக, பம்பாய் ரயில்வே ஸ்டேஷன்களில் ஓடியது மதராஸ் நேரம். பம்பாய் நேரத்தைவிட அது ஏறக்குறைய அரை மணி முன்னால். தெருவில் ஒன்பது, ஸ்டேஷனுக்குள் ஒன்பதரை. ரயிலைத் தவறவிட்டவர்கள் எத்தனை பேரோ!

1881-ல் பம்பாய் சர்க்கார் தன் ஆபீஸ்கள் எல்லாவற்றிலும் மதராஸ் நேரத்தையே வைக்க உத்தரவு போட்டது. ஊர் கொதித்துவிட்டது. எங்கள் சூரியன் உதிக்கும் நேரத்தைச் சொல்ல மதராஸ் யார் என்று பத்திரிகைகளில் எழுதினார்கள். வியாபாரிகளும் வக்கீல்களும் கூட்டம் போட்டார்கள். பல்கலைக்கழகத்தின் புதுக் கோபுரம் எந்த நேரத்தைக் காட்டுவது என்ற கேள்வியும் எழுந்தது. பம்பாய் நேரத்தைத்தான் காட்ட வேண்டும் என்பது பல்கலைக்கழகத்தின் முடிவு. அப்படியானால் இரவில் கடிகார முகத்துக்கு விளக்கேற்றும் செலவைத் தர முடியாது என்று சர்க்கார் கையை விரித்தது.

“உனக்குச் சம்பளம் அந்தக் கோபுரமா குடுக்கறது?” இங்கே நேரத்தைச் சொல்லும் உரிமை விளக்குக்குக் காசு கொடுப்பவனுக்கு, அங்கே என் ஆபீசில் மஸ்டரை வைத்திருப்பவனுக்கு. கோபுரம் பணியவில்லை. நான் பணிந்தேன். எனக்கு 280 அடி உயரம் இல்லை.

இரண்டு வருஷத்துக்குள் சர்க்கார் தன் உத்தரவைத் திரும்பப் பெற்றுக்கொண்டது. ஆனால் 1906 ஜனவரி முதல் தேதி இந்தியா முழுவதற்கும் ஒரே நேரம் என்று வந்துவிட்டது. அதாவது பம்பாய் மக்கள் கடிகாரத்தை 39 நிமிஷம் முன்னால் தள்ள வேண்டும். படித்தவர்களுக்கு அது சுயமரியாதைப் பிரச்னை. ஆலைத் தொழிலாளிக்கு அது தூக்கப் பிரச்னை. ஆலைச் சங்கு அதே மணிக்குத்தான் ஊதும். ஆனால் சூரியன் கணக்கில் 39 நிமிஷம் சீக்கிரம் எழுந்திருக்க வேண்டும். அந்த மாதமே ஆலைத் தொழிலாளர்கள் எதிர்ப்புக் காட்டி வேலையை நிறுத்தினார்கள். நகரசபையோ பம்பாய் நேரத்தை விட மனமில்லாமல், சுதந்திரத்துக்குப் பின்னும் சில வருஷம் பிடித்துக்கொண்டிருந்தது. இன்று நம் கைக் கடிகாரம் காட்டுவதில் அந்த 39 நிமிஷம் அடங்கிக் கிடக்கிறது.

கோபுரத்தின் பழைய பெருமை அதன் மணியோசை. பதினாறு மெட்டுகள்; நாளுக்கு நான்கு முறை மெட்டு மாறும். ஆங்கிலேய அரசரை வாழ்த்தும் கீதமும் உண்டு. வீட்டை நினைத்து ஏங்கும் ‘ஹோம் ஸ்வீட் ஹோம்’ மெட்டும் உண்டு. கப்பலேறி வந்த வெள்ளைக்காரக் குமாஸ்தாவுக்கும் ஊர் ஞாபகம் வந்திருக்கும் போலிருக்கிறது! நாளாவட்டத்தில் அதெல்லாம் போய், கால் மணிக்கு ஒரு தரம் ஒரே மெட்டு என்றாகிவிட்டது. கோபுரத்தின் மேலே ஏறிப் பார்க்கப் பொதுமக்களை விடுவதும் நின்றுபோயிற்று. 1891-ல் இரண்டு பார்சிப் பெண்கள் மேலேயிருந்து விழுந்து இறந்து, ஊரே கலங்கிப்போன சம்பவத்தைப் பழையவர்கள் வெகுகாலம் சொல்லிக்கொண்டிருந்தார்கள்.

தபாலில் வந்த பட்டம்

எங்கள் அறையில் எல்லோருக்கும் மூத்தவர் ஒருவர் இருந்தார். அண்ணாச்சி என்போம். மஸ்ஜித் பந்தர் பக்கம் ஒரு குடோனில் சரக்குக் கணக்கு எழுதும் வேலை. ஊரில் எஸ்.எஸ்.எல்.சி.யோடு படிப்பு நின்றுபோனவர். தங்கைகள் இரண்டு பேரைக் கட்டிக்கொடுத்த பிறகு, முப்பத்து மூன்றாவது வயதில் படிக்கும் ஆசை வந்தது. பம்பாய்ப் பல்கலைக்கழகம் 1971-லேயே தபால் வழிக் கல்வியைத் தொடங்கியிருந்தது. வேலைக்குப் போகிறவர்களும் பி.காம். எழுதலாம். அண்ணாச்சி பணம் கட்டினார்.

ஆறு பேர் இருக்கும் அறையில் எங்கே உட்கார்ந்து படிப்பது? ஞாயிற்றுக்கிழமைகளில் புத்தகத்தை எடுத்துக்கொண்டு மாஹிமில் வண்டி ஏறிவிடுவார். ஓவல் மைதான ஓரத்தில், மரத்து நிழலில், கோபுரம் தெரிகிற இடமாகப் பார்த்து உட்காருவார். ஒரே மைதானத்தில் பத்துப் பதினைந்து கிரிக்கெட் ஆட்டம் நடக்கும். எந்தப் பந்து எந்த ஆட்டத்துப் பந்து என்றே தெரியாது. நடுவில் இவர் பற்று வரவுக் கணக்குப் போட்டுக்கொண்டிருப்பார். “மணி அடிக்கிற வரைக்கும் ஒரு பாடம்னு வெச்சுக்கிடுவேன்லே. கால் மணிக்கு ஒருக்கா வாத்தியார் பிரம்பால தட்டுன மாதிரி இருக்கும்” என்பார். வகுப்பே இல்லாமல் பிறந்த பல்கலைக்கழகத்துக்கு, வாசலுக்கு வெளியே இப்படி எத்தனை மாணவர்கள் இருந்தார்களோ!

இரண்டு பேப்பரில் ஒரு தரம் கோட்டைவிட்டு, மறுபடி எழுதி, பாஸ் செய்துவிட்டார். பட்டமளிப்பு நாளன்று குடோனில் சரக்கு இறங்குகிறது, லீவு இல்லை என்றார்கள். பட்டம் தபாலில் வந்தது. ராசிச் சக்கர ஜன்னல் உள்ள அந்த மண்டபத்துக்குள் அண்ணாச்சி கால் வைக்கவே இல்லை. காகிதக் குழாயிலிருந்து பட்டத்தை எடுத்து அறையில் ஒவ்வொருவர் கையிலும் கொடுத்துப் பார்க்கச் சொன்னார். அன்று ராத்திரி ஆறு பேருக்கும் மாதுங்காவில் நெய் ரோஸ்ட் அவர் செலவு.

இன்று பாடம் நடக்கும் துறைகளில் பெரும்பாலானவை கோட்டைப் பக்கத்தில் இல்லை. சாந்தாகுரூஸுக்கும் குர்லாவுக்கும் நடுவே கலீனாவில் உள்ள வித்யாநகரிக்குப் போய்விட்டன. கோபுரமும் இல்லை, ராசி ஜன்னலும் இல்லை. ஒன்றுக்கொன்று தள்ளி நிற்கும் சாதாரணக் கட்டடங்கள், நடுவில் மரங்கள். அழகைத் தேடிப் போகிறவர்களுக்கு ஏமாற்றம்தான். ஆனால் குர்லாவிலும் தாராவியிலும் இருக்கும் நம் பிள்ளைகள் ஒரு பஸ்ஸில் ஏறிப் போய் வகுப்பில் உட்காரும் தூரத்தில் இருக்கிறது. இரண்டில் எது உயர்ந்தது என்று என்னைக் கேட்டால், கண்ணுக்குப் பழையது, காலுக்குப் புதியது என்பேன்.

பழையதையும் விட்டுவிடவில்லை. கோபுரத்தையும் நூலகத்தையும் இரண்டாண்டுக்கு மேல் பழுது பார்த்து, கண்ணாடிகளையும் கல்லையும் சுத்தம் செய்து 2015-ல் முடித்தார்கள். 2018-ல் ஓவல் மைதானத்தைச் சுற்றியுள்ள கட்டடங்களெல்லாம் சேர்ந்து யுனெஸ்கோவின் உலகப் பாரம்பரியப் பட்டியலில் ஏறின.

அதற்கு அடுத்த வருஷம் அண்ணாச்சி ஊரிலிருந்து வந்திருந்தார். எழுபத்தைந்தைத் தாண்டிவிட்டது. கேட்வே போகலாமா, சித்தி விநாயகர் போகலாமா என்றேன். “கோவரத்தைப் பாத்துட்டு வருவம்லே” என்றார். ஞாயிற்றுக்கிழமை. பல்கலைக்கழக வாசல் பூட்டியிருந்தது. மைதானத்துக்குள் போய், அதே பக்கமாக மரத்தடியில் உட்கார்ந்தோம். கிரிக்கெட் அப்படியே இருந்தது. ஒரு பந்து உருண்டு வந்து அண்ணாச்சியின் செருப்பில் முட்டியது; எடுத்து எறிந்தார்.

கோபுரத்தில் மணி அடித்தது. அண்ணாச்சி மணிக்கட்டைத் திருப்பித் தம் வாட்ச்சைப் பார்த்தார். “மூணு நிமிசம் வித்தியாசம் இருக்கேலே. எது சரி?” என்றார்.

நான் பதில் சொல்வதற்குள் சாவியை இழுத்து முள்ளைத் திருத்திக்கொண்டிருந்தார்.